நடுநிலை என்னும் நல்ல சொல்: கான்ஃபிராங்க் ரயில் நிலையத்தை முன்வைத்து

கான்ஃபிராங்க் என்று பெயர் சொன்னவுடனே எழுதுகிறவர்களின் பேனாவில் மூடுபனி இறங்கிவிடுகிறது. பிரனீஸ் மலைத்தொடரின் நடுவே, ஸ்பெயினும் பிரான்சும் தொட்டுக்கொள்ளும் இடத்தில் நிற்கும் அந்தப் பெரிய ரயில் நிலையத்தை 'மலைகளின் டைட்டானிக்' என்கிறார்கள். 'பிரனீஸின் காசாபிளாங்கா' என்கிறார்கள். ஒற்றர்கள், ஓவியர்கள், தங்கக் கட்டிகள், கைவிடப்பட்ட மாளிகை, உடைந்த கண்ணாடிகள், ஆண்டின் நாள்களுக்கு இணையாக 365 சன்னல்கள். பயண நூல்களிலும் புதினங்களிலும் இதே சரக்குத்தான் திரும்பத் திரும்ப ஏற்றி இறக்கப்படுகிறது. உலக இலக்கியம் பேசும் நண்பர்களும் இந்த மயக்கத்திற்கு விலக்கல்லர். போர்க்காலத்தைப் பற்றிய எந்த நூலை எடுத்தாலும், 'அங்கே நல்லவன் கெட்டவன் என்று எவரும் இல்லை, எல்லாமே சாம்பல் நிறம்' என்று ஒரு வாக்கியத்தைச் சொல்லிவிட்டுத் தேநீர் குடிக்கப் போய்விடுகிறார்கள்.

நாம் இந்த மயக்கத்திற்கு எதிராக எழுதுகிறோம். மூடுபனி அழகானதுதான். ஆனால் போர்க்காலத்தில் கான்ஃபிராங்கில் நடந்தவற்றுள் பெரும்பகுதி மூடுபனியில் நடக்கவில்லை. பட்டப்பகலில், எடை போட்டு, முத்திரை குத்தி, கையொப்பம் வாங்கிக்கொண்டு நடந்தது. ஒரு சுங்க நிலையத்தை மர்ம மாளிகையாக எழுதுவது, அங்கே யார் என்ன செய்தார்கள் என்ற கேள்வியை எழாமற் செய்யும் உத்தி. உத்தி என்று அறியாமலே பலர் அதைக் கையாள்கிறார்கள் என்பது வேறு செய்தி.

முதலில் கட்டடம். 1904இல் இரு நாடுகளும் செய்துகொண்ட உடன்படிக்கையின் விளைவு அது. சோம்போர்ட் கணவாயின் அடியில் ஏறத்தாழ 7.8 கிலோமீட்டர் நீளத்திற்கு மலையைக் குடைந்தார்கள். குடைந்தெடுத்த கல்லையும் மண்ணையும் கொண்டே பள்ளத்தாக்கை மேடாக்கினார்கள். அரகோன் ஆற்றைத் திருப்பிவிட்டார்கள். பனிச்சரிவு நிலையத்தின்மேல் விழாதிருக்க மலைச் சரிவுகளில் மரம் நட்டார்கள். 1928 ஜூலை 18 அன்று ஸ்பானிய மன்னர் பதின்மூன்றாம் அல்ஃபோன்சோவும் பிரெஞ்சுக் குடியரசுத் தலைவர் காஸ்தோன் தூமெர்க்கும் நிலையத்தைத் திறந்துவைத்தார்கள். (அதே ஜூலை 18ஐ, எட்டு ஆண்டுகள் கழித்து, ஃபிராங்கோவின் ஆட்கள் தம் எழுச்சி நாளாகக் கொண்டாடத் தொடங்கினார்கள்.) முதன்மைக் கட்டடத்தின் நீளம் மட்டும் 241 மீட்டர். சில நூறு பேர் வாழும் மலையூருக்கு எதற்கு இவ்வளவு பெரிய நிலையம் என்று வியந்து எழுதுகிறவர்கள், அந்த வியப்போடு நின்றுவிடுகிறார்கள். விடை தண்டவாளத்தில் இருக்கிறது.

பிரெஞ்சுத் தண்டவாளங்களுக்கு இடையே உள்ள அகலம் 1,435 மில்லிமீட்டர். ஸ்பானியப் பாதையின் அகலம் அதைவிட ஏறத்தாழ 23 சென்டிமீட்டர் கூடுதல். மீட்டர் கேஜ், பிராட் கேஜ் என்ற வேறுபாட்டோடு வளர்ந்த நமக்கு இதன் பொருளை விளக்க வேண்டியதில்லை. எந்தப் பெட்டியும் கான்ஃபிராங்கைத் தாண்டிப் போக முடியாது. பயணி இறங்கி, கட்டடத்தின் உள்ளே நடந்து, இரு நாட்டுச் சுங்கத்தையும் காவலையும் கடந்து, மறுபக்கம் நிற்கும் வண்டியில் ஏற வேண்டும். சரக்கை ஆட்கள் இறக்கி, சுமந்து, எண்ணி, மறுபக்க வண்டியில் ஏற்ற வேண்டும். ஒவ்வொரு மூட்டையும் ஒவ்வொரு பெட்டியும் மனிதக் கை வழியாகவே எல்லையைக் கடந்தது. 'எங்களுக்குத் தெரியாமல் கடந்துபோயிற்று' என்று எந்த அரசும் சொல்ல முடியாத ஓர் இடம் ஐரோப்பாவில் இருந்ததென்றால் அது இதுதான். அந்த நீண்ட கட்டடம் பார்த்து எழுதிக்கொள்வதற்கென்றே கட்டப்பட்டது.

திறந்த நாளிலிருந்து அந்தப் பாதையில் போதிய போக்குவரத்து இல்லை. அடுத்த ஆண்டே உலகப் பொருளாதார வீழ்ச்சி வந்தது. உள்நாட்டுப் போர் தொடங்கிய 1936இல் ஃபிராங்கோவின் படையினர் சுரங்கப் பாதையைச் சுவரெழுப்பி அடைத்தார்கள். 1940இல் பாதை மீண்டும் திறந்தது. அதாவது, பெரிய போர் வந்த பிறகுதான் அந்தப் பெரிய நிலையத்திற்கு வேலை வந்தது.

1940 ஜூனில் பிரான்ஸ் வீழ்ந்து, ஆக்கிரமிக்கப்பட்ட பகுதி என்றும் விஷி அரசின் கீழிருந்த பகுதி என்றும் பிளவுபட்டது. கான்ஃபிராங்குக்கு வரும் பாதை விஷியின் பக்கம் இருந்தது. 1942 நவம்பரில் நேச நாட்டுப் படைகள் வட ஆப்பிரிக்காவில் இறங்கின. சில நாள்களில், நவம்பர் 11 அன்று, ஜெர்மன் படை எஞ்சிய பிரான்சுக்குள்ளும் நுழைந்தது. நிலையத்தின் ஒரு பகுதி உடன்படிக்கைப்படி பிரெஞ்சு நிர்வாகத்தில் இருந்ததால், ஜெர்மானியர் சுரங்கத்தின் தென்முனை வழியே ஸ்பானிய மண்ணுக்குள் வந்து அமர்ந்தார்கள். சீருடையோடு வந்தார்கள், ரகசியக் காவலோடு வந்தார்கள். 'போரில் சேராத' ஒரு நாட்டின் எல்லைக்குள், ஒரு ரயில் நிலையத்தில், ஸ்வஸ்திகா கொடி பறந்தது. ஸ்பெயின் அரசு அதைத் தன் இறையாண்மைக்கு நேர்ந்த இழுக்காகக் கருதவில்லை. கருதுவதற்கு அதற்குக் காரணமும் இல்லை. 1940 அக்டோபர் 23 அன்று இதே எல்லையின் மேற்கு முனையில், ஆந்தாய் ரயில் நிலையத்தில், ஹிட்லரும் ஃபிராங்கோவும் ரயில் பெட்டியில் அமர்ந்து பேரம் பேசியிருந்தார்கள். 1941இல் ரஷ்யப் போர்முனைக்குத் தன் 'நீலப் படைப்பிரிவை' ஃபிராங்கோ அனுப்பினார்.

இனிச் சரக்கைப் பார்ப்போம். வடக்கு நோக்கிப் போனது வுல்ஃபிரம். டங்ஸ்டன் என்ற உலோகத்தின் தாது. உருகுநிலை 3,422 பாகை செல்சியஸ். உலோகங்களுள் இதைவிட மிகுந்த உருகுநிலை எதற்கும் இல்லை. கவசத்தைத் துளைக்கும் குண்டுக்கும், எஃகை வெட்டும் கருவிக்கும் அது வேண்டும். ஜெர்மனிக்குக் கிழக்கு வழிகள் அடைபட்ட பின் ஐரோப்பாவில் அது கிடைத்த இடங்கள் போர்ச்சுகலும் ஸ்பெயினின் கலீசியாவும்தான். நேச நாடுகள் ஜெர்மனிக்குக் கிடைக்கக்கூடாதென்று தாமே வாங்கிக் குவித்தன, விலை ஏறியது, விற்றவர்கள் இரு கையாலும் வாங்கிக்கொண்டார்கள். போர்ச்சுகலின் பெரிய சுரங்கமான பனஷ்கெய்ரா ஆங்கிலேயரின் உடைமை என்பதையும் சொல்லிவிட வேண்டும்.

தெற்கு நோக்கி வந்தது தங்கம். ஜெர்மனியின் மார்க் நாணயத்தை வெளியே யாரும் விரும்பி வாங்கவில்லை. தங்கமோ சுவிஸ் ஃபிராங்கோ கொடுத்தால்தான் தாது. ஜெர்மன் மைய வங்கி அவ்வளவு தங்கத்திற்கு எங்கே போயிற்று? பிடித்த நாடுகளின் கருவூலங்களுக்குப் போயிற்று. பெல்ஜியத்தின் கதை ஒன்றே போதும். ஜெர்மானியர் வருமுன் பெல்ஜியம் தன் தங்கத்தில் ஏறத்தாழ 198 டன்னைப் பிரான்சிடம் பாதுகாப்பாக ஒப்படைத்தது. பிரான்ஸ் அதைக் கப்பலேற்றி மேற்கு ஆப்பிரிக்காவின் தக்காருக்கு அனுப்பியது. விஷி அரசு அமைந்ததும், ஜெர்மனி கேட்டதற்கிணங்க, அடைக்கலப் பொருளைச் சகாரா பாலைவனத்தின் குறுக்கே சுமக்க வைத்து, அல்ஜியர்ஸ் வழியாகப் பெர்லினுக்குக் கொடுத்துவிட்டது. பெர்லினில் அதை உருக்கி, போருக்கு முந்திய ஆண்டுகளைப் பொறித்துப் புதுக் கட்டிகளாக வார்த்தார்கள். 1942 ஆகஸ்டு முதல் கொலை முகாம்களில் பறித்த தங்கமும் அதே வங்கியின் வாசலுக்கு வந்தது. உருக்கிய பின் எந்தக் கட்டி எவருடையது என்று சொல்ல முடியாது. உருக்குவதன் நோக்கமே அதுதான்.

ஜெர்மன் மைய வங்கி வெளிநாடுகளுக்கு அனுப்பிய தங்கத்தில் ஏறத்தாழ ஐந்தில் நான்கு பங்கு சுவிட்சர்லாந்து வழியாகப் போனது என்று, சுவிஸ் நாடாளுமன்றம் 1996இல் அமைத்து 2002இல் இறுதி அறிக்கை தந்த பெர்ஜியே குழு கண்டறிந்தது. சுவிட்சர்லாந்தில் கைமாறியவற்றுள் ஒரு பகுதி கான்ஃபிராங்கில் இறங்கியது. 1942 ஜூலை முதல் 1943 டிசம்பர் வரையிலான சுங்கத் தாள்களில் மட்டும் 86 டன்னுக்கு மேல் தங்கம் பதிவாகியிருக்கிறது. பெரும்பகுதி போர்ச்சுகலுக்கு, எஞ்சியது ஸ்பெயினுக்கு. இது ஊகமோ புனைவோ அன்று. எடை எழுதிய தாள்.

இந்தத் தாள்கள் எப்படிக் கிடைத்தன என்பதையும் இலக்கியவாதிகள் ஒரு கணம் எண்ணிப் பார்க்க வேண்டும். போர் முடிந்து ஐம்பத்தைந்து ஆண்டுகள் அவை பாழடைந்த கொட்டகையில் தரையில் கிடந்தன. அந்த நிலையத்தின் சிதைவழகைப் படம்பிடிக்கப் போனவர்கள் அவற்றை மிதித்துத்தான் நடந்திருப்பார்கள். 2000ஆம் ஆண்டில் ஒரு பிரெஞ்சுப் பேருந்து ஓட்டுநர் குனிந்து எடுத்துப் படித்துப் பார்த்தார். சரகோசாவின் நாளிதழ் ஒன்றில் பணியாற்றிய ரமோன் காம்போ என்ற செய்தியாளர் அவற்றைத் தொடர்ந்து ஆராய்ந்து நூல்களாக எழுதினார். கவிஞர்களுக்குக் கிட்டாத பேறு ஓர் ஓட்டுநருக்குக் கிட்டியதற்குக் காரணம் எளிது. அவர் அங்கே மூடுபனியைத் தேடவில்லை.

*

நம் வாசக நண்பர்கள் மிகவும் விரும்பிச் சொல்லும் கான்ஃபிராங்க் கதை ஒன்று உண்டு. மாக்ஸ் எர்ன்ஸ்ட் என்ற ஓவியர். பிறப்பால் ஜெர்மானியர், பிரான்சில் பகைநாட்டான் என்று முகாமில் அடைக்கப்பட்டவர், நாஜிகளுக்கோ இழிகலைஞர். 1941இல் சுருட்டிய ஓவியங்களோடு இந்த எல்லைக்கு வந்தார். தாள்கள் சரியாக இல்லை. சுங்கத்தார் ஓவியங்களைப் பிரிக்கச் சொன்னார்கள், பிரித்து வைத்தார், சுற்றி நின்று வியந்தார்கள். பிரெஞ்சு அதிகாரி ஒருவர் அவருடைய திறமையைப் போற்றிவிட்டு, இரண்டு வண்டிகளைச் சுட்டினாராம். ஒன்று ஸ்பெயினுக்குப் போவது, மற்றது திரும்பிப் போ நகரத்திற்குப் போவது, தவறான வண்டியில் ஏறிவிடாதீர்கள் என்ற பொருள்படச் சொல்லிக் கடவுச்சீட்டைக் கையில் கொடுத்தாராம். எர்ன்ஸ்ட் ஸ்பெயின் வண்டியில் ஏறினார். லிஸ்பன் போய், அங்கிருந்து அமெரிக்கா சேர்ந்தார்.

அழகான கதை. அவரே சொன்னதாக வழங்கும் கதை. ஐயப்பட நமக்குக் காரணமில்லை. ஆனால் நாம் ஏன் இதை இவ்வளவு விரும்புகிறோம்? கலை ஒரு கடவுச்சீட்டு என்று இது நமக்குச் சொல்கிறது. அதிகாரியின் நெஞ்சைக் கலை இளக்கிவிடும் என்று நம்மை நாமே பாராட்டிக்கொள்ள இது உதவுகிறது. ஓவியச் சுருள் இல்லாமல் வந்தவர் எந்த வண்டியில் ஏறினார் என்று கதை சொல்வதில்லை, நாமும் கேட்பதில்லை.

கேட்டால் விடை கிடைக்கும், அதுவும் அதே தண்டவாளத்தின்மேல். போ நகரத்திலிருந்து கான்ஃபிராங்க் வரும் பாதையில் ஓலோரோன் என்றொரு நிலையம். கான்ஃபிராங்கிலிருந்து அறுபது கிலோமீட்டருக்கும் குறைவு. அதனருகில் குர்ஸ் முகாம். 1939இல், தோற்று ஓடிவந்த ஸ்பானியக் குடியரசுப் போராளிகளை அடைக்கப் பிரான்ஸ் கட்டிய முகாம் அது. 1940இல் ஹன்னா ஆரெண்ட் அங்கே சில வாரம் அடைபட்டிருந்தார். அவ்வாண்டு அக்டோபரில் தென்மேற்கு ஜெர்மனியிலிருந்து ஏறத்தாழ 6,500 யூதர்களை, முதியவர் குழந்தை என்று பாராமல், ரயிலேற்றி ஓலோரோனில் இறக்கி, அந்தச் சேற்றில் கொண்டுபோய்ப் போட்டார்கள். 1942 ஆகஸ்டு முதல் 1943 மார்ச் வரை அங்கிருந்து சுமார் 3,900 பேரைப் பாரிசுக்கு அருகிலிருந்த திரான்சிக்கு ஏற்றினார்கள். திரான்சியிலிருந்து அவர்களுள் மிகப் பலர் போன இடம் ஆஷ்விட்ஸ்.

ஆண்டுகளை ஒப்பிட்டுப் பாருங்கள். சுங்கத் தாள்களில் தங்கம் பதிவான காலம் 1942 ஜூலை முதல் 1943 டிசம்பர். குர்ஸ் முகாம் காலியான காலமும் அதற்குள் அடங்குகிறது. ஒரே பாதையில், ஒரே மாதங்களில், தங்கம் தெற்கே வந்தது. மனிதர் வடக்கே போனார்கள். தங்கத்துக்கு எல்லை திறந்திருந்தது. தங்கத்துக்கு விசா கேட்ட அதிகாரி எவரும் இல்லை. கான்ஃபிராங்கைப் பற்றி எழுதும் எவரும் குர்ஸ் என்ற பெயரைச் சொல்லாமல் எழுதினால், அது முழுமையற்ற எழுத்து மட்டுமன்று. நேர்மையற்ற எழுத்து என்றே நாம் சொல்வோம்.

எல்லையின் கிழக்கு முனையில் போர்ட்போ நிலையம் இருக்கிறது. 1940 செப்டம்பரில் வால்டர் பெஞ்சமின் அங்கே இறந்தார். சிற்றிதழ் படிப்பவர் எல்லாரும் அறிவர். அவருக்கு 1994இல் டானி கரவன் அமைத்த நினைவுச் சின்னம் சிறந்தது என்பதில் நமக்கு மாற்றுக் கருத்தில்லை. ஆனால் மேற்கே ஆந்தாயை வரலாற்றாசிரியர் எடுத்துக்கொண்டார்கள், கிழக்கே போர்ட்போவை இலக்கியவாதிகள் எடுத்துக்கொண்டார்கள். நடுவே இருந்த கான்ஃபிராங்கில் பெரிய தலைவரும் சந்திக்கவில்லை, பெரிய எழுத்தாளரும் சாகவில்லை. கணக்குத்தான் எழுதப்பட்டது. கணக்கைப் பாட நமக்கு யாப்பு வாய்க்கவில்லை போலும்.

*

இப்போது சொல்லுக்கு வருவோம். ஸ்பெயின், போர்ச்சுகல், சுவிட்சர்லாந்து ஆகியவற்றை நாம் தமிழில் 'நடுநிலை நாடுகள்' என்று எழுதுகிறோம். செய்தித்தாளும் பாடநூலும் அப்படியே எழுதுகின்றன. இந்தச் சொல்லாட்சி செய்யும் தீங்கைத் தமிழ் கற்பிப்பவர்கள்கூடக் கவனித்ததாகத் தெரியவில்லை. நடுவு நிலைமை என்பது திருக்குறளின் பன்னிரண்டாம் அதிகாரம். அறத்துப்பாலில், அடக்கமுடைமைக்கு முன்னே நிற்கும் அறம். பரிமேலழகர் அதை விளக்குமிடத்துப் பகை, நொதுமல், நட்பு என மூவகையாரை எண்ணி, அம்மூவரிடத்தும் அறத்திலிருந்து வழுவாமல் ஒப்ப நிற்பதே நடுவு நிலைமை என்கிறார். நொதுமல் என்பது பகையும் அன்று, நட்பும் அன்று, உறவற்ற அயன்மை. நடுவு நிற்பவன் அயலானுக்கும் நீதி செய்பவன். அயலானாகவே இருந்துவிடுபவன் அல்லன். இரண்டும் வெவ்வேறு என்பதை உரையாசிரியர் அவ்வளவு தெளிவாகப் பிரித்து வைத்திருக்கிறார். நாமோ பகைவர் இருவர்க்கும் விலை வைத்து விற்று ஒதுங்கிக்கொள்ளும் நொதுமலுக்கு, 'நடுநிலை' என்ற அறத்தின் பெயரைத் தூக்கிக் கொடுத்துவிட்டோம். துலாக்கோலைச் சான்றோர்க்கு உவமை சொன்ன அதிகாரத்தை, தங்கம் நிறுக்கும் துலாக்கோலுக்கு இரவல் கொடுத்தது போலாயிற்று.

அதே அதிகாரத்தில் இன்னும் இரண்டு செய்திகள் உள்ளன. நடுவு நீங்குவதால் வரும் ஆக்கம் நன்மையே தருவதாயினும் அதை அன்றே கைவிடச் சொல்கிறார் வள்ளுவர். அதிகாரத்தின் கடைசிக் குறளில் வாணிகரை அழைத்து, பிறர் பொருளையும் தம் பொருள்போலப் பேணச் சொல்கிறார். பெல்ஜியத்தின் பொருளை மூன்று நாடுகள் தம் பொருள்போலவே பேணின. ஆனால் வள்ளுவர் சொன்ன பொருளில் அன்று. 'அன்றே' கைவிட்டதன் கணக்கும் இருக்கிறது. போருக்குப் பின் 1946இல் சுவிட்சர்லாந்து 25 கோடி ஃபிராங்க் கொடுத்துக் கணக்கை முடித்துக்கொண்டது. போர்ச்சுகல் பல ஆண்டு இழுத்தடித்து ஏறத்தாழ 4 டன் திருப்பியது. ஸ்பெயின் 1948இல் திருப்பியது சுமார் 100 கிலோ. டன் அன்று, கிலோ.

புறத்திணை வகுத்த தொல்காப்பியர் ஆநிரை கவர்தலுக்கு வெட்சி என்றார், மண் கருதிப் படையெடுத்தலுக்கு வஞ்சி, மதில் வளைத்தலுக்கு உழிஞை, எதிர்நின்று பொருதலுக்குத் தும்பை என்றார். போரிடுவோர் இருவர்க்கும் இரும்பு விற்ற மூன்றாமவனுக்கு ஒரு பூவும் சூட்டவில்லை. அவன் அக்காலத்தில் இல்லாமல் இருந்திருப்பான் என்று நாம் நம்பவில்லை. பாடத் தகாதவன் என்று விட்டிருக்கலாம். இன்றைய புதினக்காரர்கள் அவனுக்கு நல்ல உடையும் ஒரு கோப்பை மதுவும் கொடுத்து ரயில் நிலைய விடுதியில் உட்கார வைத்திருக்கிறார்கள்.

சாம்பல் நிறத்தைப் பற்றியும் சொல்லிவிடுகிறோம். இந்தச் சொல்லாடலுக்குத் தம்மை அறியாமலே நம் நண்பர்கள் கடன்பட்டிருப்பது பிரீமோ லெவிக்கு. 1986இல் வெளிவந்த 'மூழ்கியவர்களும் மீட்கப்பட்டவர்களும்' என்ற நூலில் 'சாம்பல் மண்டலம்' என்றோர் இயல் எழுதினார். அவர் அதில் பேசியது முகாமுக்குள் அடைபட்ட கைதிகளை. ஒரு கரண்டிக் கஞ்சிக்காக, ஒரு நாள் உயிர் வாழ்வதற்காக, கொலைகாரனின் ஏவலைச் செய்ய நேர்ந்தவர்களை. அவர்களைத் தீர்ப்பிட நமக்கு உரிமையில்லை என்றார். அதே இயலில், கொன்றவனையும் கொல்லப்பட்டவனையும் ஒன்றெனக் குழப்புவது ஒழுக்க நோய் என்றும் கண்டித்தார். லெவியின் சாம்பலை எடுத்து சூரிச் வங்கியாளர்க்கும் மாட்ரிட் அமைச்சர்க்கும் பூசுவதற்கு அந்நூல் இடம் தரவில்லை. அவர்கள் தலைமேல் துப்பாக்கி இல்லை. பேரம் பேசும் மேசை இருந்தது.

மறுப்பு வரும் என்பது தெரியும். ஸ்பெயின் உள்நாட்டுப் போரில் நொறுங்கிக் கிடந்தது, மக்கள் பசியில் மாண்டார்கள், விற்காமல் என்ன செய்வது என்பது ஒன்று. பசி மெய். கலீசிய மலையில் தாது பொறுக்கிய ஏழையையோ, கான்ஃபிராங்கில் பெட்டி சுமந்த கூலியாளையோ நாம் குற்றஞ்சாட்டவில்லை. அவர்கள் லெவியின் மண்டலத்துக்குப் பக்கத்தில் நிற்பவர்கள். ஆனால் அரசுக்கு வேறு வழியே இல்லை என்ற வாதத்தை அந்த அரசே பொய்யாக்கியது. 1944 ஜனவரியில் அமெரிக்கா எண்ணெய் தருவதை நிறுத்தியது. மே 2ஆம் தேதிக்குள் ஃபிராங்கோ வுல்ஃபிரம் ஏற்றுமதியைப் பெயரளவுக்குக் குறைத்துக்கொண்டார். அடுத்த மாதம் சலசார் போர்ச்சுகலில் அதை முற்றாகத் தடை செய்தார். மூன்று மாத நெருக்கடியில் 1944இல் முடிந்தது, 1942இல் ஏன் முடியவில்லை? அப்போது ஜெர்மனி வெல்லும் போலிருந்தது என்பதே விடை.

இரண்டாவது மறுப்பு இதைவிட வலிமையானது. அந்த நொதுமல்தான் எல்லையைத் திறந்து வைத்தது, அதனால்தான் பல்லாயிரவர் பிழைத்தார்கள் என்பது. பிழைத்தவர்களைச் சிறுமைப்படுத்த நமக்கு எண்ணமில்லை. ஓர் உயிர் தப்பியதும் பெரிதே. ஆயினும் திறப்பும் அடைப்பும் மாட்ரிட்டின் காற்று அடித்த திசைக்கேற்ப மாறின. தாள் இல்லாமல் பிடிபட்டவர் பலர் மிராண்டா தே எப்ரோ முகாமில் அடைபட்டார்கள். சொந்த நாட்டுக் குடியரசு அகதிகளுக்கு அந்த எல்லை வாசல் அன்று, பொறி. அமெரிக்கரான வேரியன் ஃப்ரை மார்செய் துறைமுகத்துக்கு எடுத்துவந்த பட்டியலில் ஏறத்தாழ 200 பெயர்கள். பெரும்பாலும் எழுத்தாளர், ஓவியர், அறிஞர். பட்டியலில் இல்லாதவர்க்கும் உதவினார் என்பது அவர் பெருமை. பட்டியல் அப்படி இருந்தது என்பது நம் கூட்டத்தின் குணம்.

கான்ஃபிராங்கிலேயே உயிர்களைக் காத்தவர் யார்? ஆல்பெர் லெ லே. பிரெஞ்சுச் சுங்கத்தின் தலைவர். தன் அலுவலகத்தின் வழியாகவே அகதிகளைக் கடத்திவிட்டார். எதிர்ப்பியக்கத்தின் செய்திகளை அனுப்பினார். ஊர்ப் பெண்கள் சிலர் ரகசியத் தாள்களை மறைத்துச் சரகோசாவுக்கு ரயிலில் கொண்டுபோனார்கள். 1943இல் ரகசியக் காவலர் நெருங்கியபோது மலையேறித் தப்பினார். போர் முடிந்ததும் அதே நிலையத்துக்கு, அதே சுங்க வேலைக்குத் திரும்பினார். விழா எடுக்கச் சொல்லிக் கேட்கவில்லை. இவரை முன்னிறுத்தித்தான் கான்ஃபிராங்கின் 'நடுநிலைச் சிறப்பு' எழுதப்படுகிறது. வேடிக்கை என்னவென்றால், அந்த நிலையத்தில் நொதுமலாக இருக்க மறுத்தவர்கள் இவர்கள் சிலரே. சட்டப்படி செய்ய வேண்டியதைச் செய்யாமல் விட்டதனால்தான் லெ லே உயிர்களைக் காத்தார். சட்டப்படி செய்தவை அத்தனையும் அந்தச் சுங்கத் தாள்களில் இருக்கின்றன. தனிமனிதர்கள் துணிந்து செய்ததை எடுத்து, அரசுகள் கணக்கிட்டுச் செய்ததற்குப் போர்வையாகப் போர்த்துவது அந்த மனிதர்க்கும் இழைக்கும் அநீதி. ரொசாரியோ ராரோ 2015இல் எழுதிப் பரவலாக விற்ற புதினம் இம்மனிதர்களை நினைவூட்டியது என்ற அளவில் பயன் செய்தது. அதைப் படித்தவர்கள் காம்போவின் நூல்களையும் தேடியிருந்தால் நாம் இக்கட்டுரையை எழுத நேர்ந்திராது.

1970 மார்ச் 27 அன்று பிரெஞ்சுப் பக்கம் ஒரு சரக்கு ரயில் கட்டுப்பாடிழந்து சரிந்து லெஸ்தாங்கே பாலத்தை உடைத்தது. பாலத்தை யாரும் மீண்டும் கட்டவில்லை; பன்னாட்டுப் போக்குவரத்து நின்றது. அடுத்த அரை நூற்றாண்டு அந்தக் கட்டடம் சிதைவின் அழகாக நின்று நிழற்படக்காரர்களுக்குத் தொழில் கொடுத்தது. 2023 ஜனவரியில் 104 அறைகளோடு ஐந்து நட்சத்திர விடுதியாகத் திறந்தார்கள். கட்டடம் பிழைத்ததில் நமக்கு வருத்தமில்லை. ஆனால் விடுதிக்கு மர்மம் வேண்டும், கணக்கு வேண்டாம். ஒற்றர் கதை அறை வாடகையைக் கூட்டும். குர்ஸ் கூட்டாது. விடுதிக்காரர்க்கு இது தொழில். இலக்கியம் பேசுவோர்க்கு இதில் என்ன தொழில்?

நாம் இனி நம் கட்டுரைகளில் அந்நாடுகளை 'நொதுமல் நாடுகள்' என்றே எழுதப்போகிறோம். வழக்கில் இல்லாத சொல், வாசகர்க்குத் தடுக்கும் என்பார்கள். தடுக்கட்டும். மறுப்பு எழுத விரும்பும் நண்பர்கள் தாராளமாக எழுதலாம். எழுதுமுன் 1942 ஜூலைக்கும் 1943 மார்ச்சுக்கும் இடைப்பட்ட மாதங்களில் ஓலோரோன் நிலையத்தின் வழியே எத்திசையில் எது போயிற்று என்று ஒருமுறை பார்த்துவிட்டு எழுதும்படி கேட்டுக்கொள்கிறோம்.